எனர்ஜி டிரிங்க் கேனின் முகப்பில் மொத்த காஃபின் அளவை அச்சிட வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். எனர்ஜி டிரிங்க் பற்றி எழுதப்படும் மருத்துவக் குறிப்புகளில் பெரும்பாலானவை ‘அளவோடு குடித்தால் பயமில்லை’ என்று முடிந்துவிடுகின்றன. எவ்வளவு குடித்தால் அளவு என்று கேட்டால் ‘ஒன்று, இரண்டு கேன்’ என்ற பதில்தான் வருகிறது. கேனை வைத்து இதைக் கணக்கிட முடியாது. ஒரு கேனில் 75 மில்லிகிராம் காஃபின் இருக்கலாம். அதே அலமாரியில் பக்கத்தில் நிற்கும் இன்னொன்றில் 300 மில்லிகிராம் இருக்கலாம். குடிப்பவரின் எடை, வயது, அவர் சாப்பிடும் மருந்து, குடிக்கும் நேரம் எல்லாம் சேர்ந்துதான் அது அவருக்கு எவ்வளவு என்பதைத் தீர்மானிக்கின்றன. இதற்கான எண்கள் தெளிவாகவே இருக்கின்றன. அவை வாசகர்களுக்குப் போய்ச் சேர வேண்டும் என்பதற்காகவே இவ்வளவு விரிவாக எழுதுகிறோம்.

ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2015இல் வெளியிட்ட மதிப்பீட்டின்படி, ஆரோக்கியமான வயது வந்தவர்களுக்கு ஒரு நாளில் மொத்தம் 400 மில்லிகிராம் வரை காஃபின் பாதுகாப்பானது. ஒரே தடவையில் உள்ளே போவது 200 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது. கர்ப்பிணிகளுக்கும் தாய்ப்பால் கொடுப்பவர்களுக்கும் நாளுக்கு 200 மில்லிகிராம். அமெரிக்க உணவு மற்றும் மருந்து நிர்வாகமும் வயது வந்தவர்களுக்கு 400 என்ற எண்ணையே சொல்கிறது. செய்திகளில் அடிக்கடி அடிபடுவதும் இந்த 400தான். நாளுக்கு 400 என்பது மட்டும் பரவி, ஒரு வேளைக்கு 200 என்பது விடுபட்டுப் போனது பெரிய குறை. காலையிலிருந்து இரவு வரை பிரித்துக் குடிக்கும் 400 மில்லிகிராமும், கால் மணி நேரத்தில் இரண்டு பெரிய கேன்களைக் காலி செய்து உள்ளே தள்ளும் 320 மில்லிகிராமும் ஒன்றல்ல. இரண்டாவதில் நாள் கணக்கு மீறப்படவில்லை. வேளைக் கணக்கு ஒன்றரை மடங்குக்கு மேல் மீறப்பட்டிருக்கிறது.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். இந்த 400, 200 இரண்டும் சுமார் 70 கிலோ எடையுள்ள ஒருவரை வைத்துக் கணக்கிட்டவை. கிலோவுக்கு என்று பார்த்தால் நாளுக்கு 5.7 மில்லிகிராம், வேளைக்கு 3 மில்லிகிராம். உங்கள் எடை 50 கிலோ என்றால் நாள் வரம்பு ஏறத்தாழ 285, வேளை வரம்பு 150. 500 மி.லி. கேன்கள் பலவற்றில் 160 மில்லிகிராம் காஃபின் இருக்கிறது. ஆக, 50 கிலோ எடையுள்ளவருக்கு அந்த ஒரே கேன் ஒரு வேளை வரம்பைத் தாண்டிவிடுகிறது. ‘ஒரு கேன்தானே குடித்தேன், படபடப்பாக வருகிறதே’ என்று சொல்பவர்களில் பலர் உடல் எடை குறைந்தவர்கள். அவர்கள் உடல் பலவீனமானது என்று பொருளல்ல. எடைக்குக் காஃபின் கூடுதலாகப் போயிருக்கிறது, அவ்வளவுதான். எடையை மூன்றால் பெருக்கினால் ஒரு வேளைக்கான வரம்பு மில்லிகிராமில் கிடைக்கும். 200க்கு மேல் வந்தால் 200 என்றே வைத்துக்கொள்ளலாம்.

இனி, எதில் எவ்வளவு இருக்கிறது. ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் தரும் சராசரிகள் இவை: 200 மி.லி. வடிகட்டிய காபியில் 90 மில்லிகிராம், 60 மி.லி. எஸ்பிரஸ்ஸோவில் 80, 220 மி.லி. தேநீரில் 50, 355 மி.லி. கோலாவில் 40, 250 மி.லி. எனர்ஜி டிரிங்கில் 80, 50 கிராம் டார்க் சாக்லேட்டில் 25. இதைப் பார்த்து, ‘காபியை விடக் குறைவாகத்தானே இருக்கிறது’ என்று ஒருவர் கேட்கலாம். 250 மி.லி. கேனைப் பொறுத்தவரை அது சரியான கேள்வி. ஆனால் கேனின் அளவு அங்கே நிற்கவில்லை. 355, 473, 500 மி.லி. என்று வளர்ந்துவிட்டது, சில நாடுகளில் ஒரே கேனில் 200 முதல் 300 மில்லிகிராம் வரை விற்கப்படுகிறது. தவிர, சூடான காபியை உறிஞ்சி உறிஞ்சித்தான் குடிக்க முடியும், கசப்பும் கையைப் பிடிக்கும். குளிரூட்டிய, தித்திப்பான, வாயு நிரப்பிய பானத்தில் காஃபினின் கசப்பு தெரியாது. தாகத்தில் இருப்பவர் அரை லிட்டரை மூச்சு விடாமல் இறக்கிவிடுவார். காபியும் எனர்ஜி டிரிங்கும் ஒன்றுதான் என்று வாதிடுபவர்கள் இந்த வேகத்தைக் கணக்கில் எடுப்பதில்லை.

லேபிளைப் படிப்பதில்தான் பெரும்பாலானோர் ஏமாறுகிறார்கள். கேனின் பின்புறம், மிகச் சிறிய எழுத்தில், ‘100 மி.லி.யில் 32 மில்லிகிராம்’ என்று இருக்கும். அவசரத்தில் பார்ப்பவர், கேனில் இருப்பதே 32 மில்லிகிராம் என்று நினைத்துவிடுகிறார். கேனின் கொள்ளளவை 100ஆல் வகுத்து, வந்ததை 32ஆல் பெருக்க வேண்டும். 250 மி.லி. கேன் என்றால் 2.5 பெருக்கல் 32, அதாவது 80. 500 மி.லி. என்றால் 160. சில லேபிள்களில் ‘ஒரு பரிமாறலுக்கு’ (per serving) என்று போட்டிருப்பார்கள்; ஒரு கேனில் இரண்டு பரிமாறல் என்பது வேறொரு மூலையில் இருக்கும். திறந்த கேனைப் பாதி குடித்துவிட்டு மூடி வைக்க முடியாது என்பது தயாரிப்பாளருக்கும் தெரியும். ஒரே மூச்சில் குடிப்பதற்கென்றே செய்த கலத்தில் இரண்டு பரிமாறல் என்று எழுதுவதை நேர்மையான தகவல் என்று எங்களால் ஏற்க முடியவில்லை.

குவாரானா என்ற பெயரைப் பொருட்பட்டியலில் பார்த்தால் சற்று நில்லுங்கள். அது தென்னமெரிக்கக் கொடி ஒன்றின் விதை. எடைக்கு எடை பார்த்தால் காபிக் கொட்டையில் இருப்பதை விட அதில் காஃபின் அதிகம். ‘இயற்கை மூலிகைச் சாறு’ என்ற தோரணையில் அதைச் சேர்ப்பார்கள். குவாரானாவிலிருந்து வரும் காஃபினும் லேபிளில் உள்ள காஃபின் எண்ணில் சேர்ந்திருக்கிறதா என்பது எல்லாப் பொருட்களிலும் தெளிவாக இருப்பதில்லை. உடலுக்கு இரண்டும் ஒரே மூலக்கூறுதான். விதையிலிருந்து வந்ததா ஆலையிலிருந்து வந்ததா என்று கல்லீரல் பிரித்துப் பார்க்காது. ‘சுகர் ஃப்ரீ’, ‘ஜீரோ’ என்ற சொற்களும் இப்படித்தான் வழி தவறச் செய்கின்றன. அவை சர்க்கரை இல்லை என்பதை மட்டுமே சொல்கின்றன. காஃபின் அப்படியே இருக்கும்.

‘ஷாட்’ என்று விற்கப்படும் 60 மி.லி. குப்பிகளில் 200 மில்லிகிராம் வரை காஃபின் இருப்பதுண்டு. இரண்டு வாய் அளவுதான். ஒரு வேளை வரம்பு முடிந்தது. உடற்பயிற்சிக்கு முன் கலந்து குடிக்கும் பொடிகளில் ஒரு கரண்டிக்கு 150 முதல் 300 மில்லிகிராம் இருப்பது சாதாரணம். அதற்கு மேல் ஒரு எனர்ஜி டிரிங்க் குடித்துவிட்டு ஓட்டப் பொறியில் (டிரெட்மில்) ஏறுபவர் 400ஐ ஒரே மணி நேரத்தில் கடந்துவிடக்கூடும். இவற்றை விட மோசமானது மொத்தமாக விற்கப்படும் தூய காஃபின் பொடி. ஒரு தேக்கரண்டிப் பொடி சுமார் 28 கோப்பை காபிக்குச் சமம் என்று அமெரிக்க உணவு மற்றும் மருந்து நிர்வாகம் எச்சரித்திருக்கிறது. 2018இல் அதை நுகர்வோருக்கு நேரடியாக மொத்த அளவில் விற்பதற்கு எதிராக நடவடிக்கையும் எடுத்தது. 1,200 மில்லிகிராம் காஃபினை வேகமாக உட்கொண்டாலே வலிப்பு வரை போகலாம். வீட்டுத் தராசில் அளந்து எடுக்க முடியாத அளவு அது. அந்தப் பொடியை யாரும் எந்தக் காரணத்துக்காகவும் வாங்கக் கூடாது.

தலைவலி மாத்திரைகள் சிலவற்றிலும் காஃபின் உண்டு. ஒரு மாத்திரைக்கு 65 மில்லிகிராம் இருப்பவை உண்டு. ஒரு சாதாரண நாளைக் கூட்டிப் பாருங்கள். காலையில் காபி 90, மதியம் தேநீர் 50, மூன்று மணிக்கு மறுபடியும் காபி 90, மாலையில் 500 மி.லி. எனர்ஜி டிரிங்க் 160. மொத்தம் 390. தலை வலிக்கிறதென்று அப்படிப்பட்ட இரண்டு மாத்திரை போட்டால் 520. இவ்வளவு காஃபின் சேர்ந்ததே அவருக்குத் தெரியாது. ஏனென்றால் அவர் குடித்தது ‘ஒரே ஒரு எனர்ஜி டிரிங்க்’.

காஃபின் உடலில் என்ன செய்கிறது என்பது தெரிந்தால், எப்போது குடிக்கக் கூடாது என்பதும் தானே விளங்கும். விழித்திருக்கும் நேரம் முழுவதும் மூளையில் அடினோசின் என்ற பொருள் சேர்ந்துகொண்டே வரும். அது தன் ஏற்பிகளில், அதாவது மூளைச் செல்களில் அதற்கென்று உள்ள இடங்களில், போய் அமர்ந்தால் தூக்கக் கலக்கம் வரும். காஃபினின் வடிவம் அதைப் போலவே இருப்பதால், வாசற்படியில் வழியை மறித்து உட்காரும் ஆளைப் போல அந்த ஏற்பிகளை அடைத்துக்கொள்கிறது. அடினோசின் வெளியே காத்துக்கொண்டிருக்கும். களைப்பு குறையவில்லை, களைப்பின் செய்தி மட்டும் மூளைக்குப் போகவில்லை. காஃபின் விலகியதும் சேர்ந்திருந்த அடினோசின் மொத்தமும் உள்ளே நுழையும். எனர்ஜி டிரிங்க் குடித்து நான்கைந்து மணி நேரம் கழித்துத் திடீரென்று தளர்ந்து போவதற்கு இது ஒரு முக்கியக் காரணம். அப்போது அடுத்த கேனைத் திறப்பதுதான் பலரும் செய்வது.

குடித்த 45 நிமிடத்துக்குள் ஏறக்குறைய முழுவதும் ரத்தத்தில் கலந்துவிடும். அதன் பிறகு பாதியாகக் குறைய வயது வந்தவருக்குச் சராசரியாக ஐந்து மணி நேரம் ஆகும். மாலை 6 மணிக்கு 160 மில்லிகிராம் கேன் குடித்தால் இரவு 11 மணிக்கு ஏறத்தாழ 80 மில்லிகிராம் உடலில் இருக்கும். ஒரு சிறிய கேனைக் குடித்துவிட்டுப் படுப்பதற்குச் சமம் அது. விடியற்காலை 4 மணிக்கும் 40 மீதமிருக்கும். 2013இல் வெளியான ஓர் ஆய்வில், படுப்பதற்கு ஆறு மணி நேரம் முன்பு 400 மில்லிகிராம் எடுத்துக்கொண்டவர்களுக்கே ஒரு மணி நேரத்துக்கு மேல் தூக்கம் குறைந்தது. தேர்வுக்கு முந்தைய இரவில் மாணவர்கள் இதைக் குடிப்பது பரிதாபமானது. படித்தது நினைவில் நன்றாகப் பதியத் தூக்கம் தேவை. படுக்கும் நேரத்திலிருந்து பின்னோக்கி எண்ணி, குறைந்தது எட்டு மணி நேரத்துக்கு முன்பே அன்றைய கடைசிக் காஃபினை முடித்துவிடுவது நல்லது.

ஐந்து மணி நேரம் என்பது சராசரி மட்டுமே. காஃபினை உடைப்பது கல்லீரலில் உள்ள சி.ஒய்.பி.1ஏ2 என்ற நொதி. அதன் வேகம் ஆளுக்கு ஆள் மாறும். சிலருக்கு இரண்டு மணி நேரத்திலும், சிலருக்கு ஒன்பது மணி நேரத்திலும் பாதியாகும். கருத்தடை மாத்திரை சாப்பிடும் பெண்களுக்கு இந்த நேரம் ஏறத்தாழ இரு மடங்காகிறது. சிப்ரோஃப்ளாக்சசின் என்ற ஆன்டிபயாடிக்கும், ஃப்ளூவோக்சமின் என்ற மனநல மருந்தும் இந்த நொதியைத் தடுப்பவை. அவற்றைச் சாப்பிடும் நாட்களில் ஒரு கேன் பல கேன்களின் வேலையைச் செய்யும். ஆஸ்துமாவுக்குத் தியோஃபிலின் சாப்பிடுபவர்கள் எனர்ஜி டிரிங்கையே தவிர்க்க வேண்டும், தியோஃபிலினும் காஃபினும் ஒரே வகைப் பொருள். லித்தியம் என்ற மனநல மருந்தைச் சாப்பிடுபவர்களுக்கு வேறு சிக்கல்: காஃபினைத் திடீரென்று நிறுத்தினால் ரத்தத்தில் லித்தியம் அளவு ஏறும். மருத்துவரிடம் சொல்லாமல் கூட்டவோ குறைக்கவோ கூடாது.

புகைப்பவர்களுக்கு இந்த நொதி வேகமாக வேலை செய்யும். அதனால் அவர்கள் கூடுதலாகக் காஃபின் குடித்தும் தாக்குப்பிடிக்கிறார்கள். புகையை விட்ட சில நாட்களில் நொதி பழைய நிலைக்குத் திரும்பும். அப்போதும் அதே அளவு குடித்தால் ரத்தத்தில் காஃபின் இரு மடங்கு வரை நிற்கும். புகையை விட்டவர்களுக்கு வரும் பதற்றம், தூக்கமின்மை ஆகியவற்றில் ஒரு பங்கு இதனால் வருவது. புகையை விடும் அன்றே காஃபினையும் பாதியாக்கிவிட வேண்டும் என்ற அறிவுரையை இன்னும் நிறையப் பேருக்குச் சொல்ல வேண்டியிருக்கிறது.

கர்ப்ப காலத்தின் கடைசி மாதங்களில் காஃபின் பாதியாகக் குறைய 15 மணி நேரம் வரை ஆகலாம். காலையில் குடித்தது இரவிலும் நிற்கும், மறுநாள் குடிப்பது அதன் மேல் ஏறும். காஃபின் நஞ்சுக்கொடியைத் தாண்டிச் செல்லும்; கருவுக்கு அதை உடைக்கும் நொதி கிடையாது. பிறந்த குழந்தைக்கும் முதல் வாரங்களில் பாதியாகக் குறைய மூன்று நாளுக்கு மேல் பிடிக்கும். 200 மில்லிகிராம் என்ற வரம்பு காபி, தேநீர் எல்லாவற்றையும் சேர்த்தது. எனர்ஜி டிரிங்குக்கு அதில் இடம் ஒதுக்க எந்தத் தேவையும் இல்லை.

குழந்தைகள் விஷயத்தில் எங்களுக்கு மாற்றுக் கருத்தே கிடையாது. ஐரோப்பிய ஆணையம் எடை கிலோவுக்கு நாளுக்கு 3 மில்லிகிராம் என்கிறது; கனடா இன்னும் கண்டிப்பாக 2.5 என்கிறது. 25 கிலோ எடையுள்ள குழந்தைக்கு முதல் கணக்கில் 75, இரண்டாவது கணக்கில் 62. அதாவது மிகச் சிறிய கேனே வரம்பைத் தொட்டுவிடும் அல்லது தாண்டிவிடும். 40 கிலோ எடையுள்ள பதின்வயதினருக்கு 100 முதல் 120. அரை லிட்டர் கேன் அதைத் தாராளமாகத் தாண்டும். அமெரிக்கக் குழந்தை மருத்துவர் கழகம் 2011லேயே, குழந்தைகள், பதின்வயதினர் உணவில் எனர்ஜி டிரிங்குக்கு இடமே இல்லை என்று அறிவித்துவிட்டது. இருந்தும் விளம்பரங்களில் வருவது விளையாட்டும் சாகசமும் வீடியோ கேமும். யாரை நோக்கிப் பேசுகிறார்கள் என்பதில் சந்தேகம் இல்லை. ‘குழந்தைகளுக்கு ஏற்றதல்ல’ என்ற வாசகமோ கேனின் பின்பக்கத்தில், கடுகளவு எழுத்தில்.

பெற்றோர் கவனிக்க வேண்டிய அறிகுறிகள் பெரும்பாலும் காஃபினோடு சேர்த்துப் பார்க்கப்படுவதில்லை: இரவில் தூங்காமல் புரளுதல், காலையில் எழ முடியாமை, வார இறுதியில் தலைவலி, எரிச்சல், கை நடுக்கம், வயிற்று எரிச்சல். வார இறுதித் தலைவலிக்குக் காரணம் எளிது. பள்ளி நாட்களில் நண்பர்களோடு குடித்தது விடுமுறையில் கிடைக்கவில்லை.

இதயத்தைப் பற்றி ஒரு வார்த்தை. 2019இல் வெளியான ஓர் ஆய்வில், 34 ஆரோக்கியமான இளம் வயதினருக்கு ஏறத்தாழ 950 மி.லி. எனர்ஜி டிரிங்க் கொடுத்துப் பார்த்தார்கள். நான்கு மணி நேரம் கழித்து இ.சி.ஜி.யில் கியூ.டி. இடைவெளி (ஒவ்வொரு துடிப்பிலும் இதயத்தின் கீழறைகள் மின்தூண்டல் பெற்றுப் பழைய நிலைக்குத் திரும்ப எடுக்கும் நேரம்), காஃபின் இல்லாத போலிப் பானம் குடித்தபோது இருந்ததை விட 6 முதல் 7.7 மில்லிவிநாடி கூடியிருந்தது. ரத்த அழுத்தமும் ஏறியது. ஆரோக்கியமான இதயத்துக்கு அந்த மாற்றம் ஆபத்தில்லாமல் கடந்து போகலாம். பிறவியிலேயே கியூ.டி. இடைவெளி நீண்டிருப்பவர்களுக்கு அது துடிப்பைத் தடம்புரளச் செய்யக்கூடும். அப்படி ஒரு கோளாறு தங்களுக்கு இருப்பது பலருக்குத் தெரியவே தெரியாது. ஓடும்போதோ பயந்தபோதோ மயங்கி விழுந்த அனுபவம் உள்ளவர்களும், குடும்பத்தில் யாரேனும் இளம் வயதில் காரணமின்றித் திடீரென்று இறந்திருந்தால் அந்தக் குடும்பத்தினரும் இந்தப் பானங்களைத் தொடாமல் முதலில் ஒரு இ.சி.ஜி. எடுத்துக்கொள்ள வேண்டும். கட்டுப்படாத ரத்த அழுத்தமும் திடீர்ப் பதற்ற நோயும் உள்ளவர்களுக்கும் இது வேண்டாம்.

விளையாட்டு வீரர்கள் எனர்ஜி டிரிங்கையும் ஸ்போர்ட்ஸ் டிரிங்கையும் குழப்பிக்கொள்கிறார்கள். வியர்வையில் இழந்த நீரையும் உப்பையும் ஈடுசெய்யச் செய்தது ஸ்போர்ட்ஸ் டிரிங்க். அதில் பொதுவாகக் காஃபின் இருக்காது. எனர்ஜி டிரிங்கின் சர்க்கரை 100 மி.லி.க்கு 11 கிராம் வரை போகும். அவ்வளவு அடர்த்தியான கரைசல் வயிற்றிலிருந்து மெதுவாகத்தான் இறங்கும். நடு ஆட்டத்தில் வயிற்றுப் பிடிப்புதான் மிச்சம். வெயிலில் ஆடிக் களைத்தவருக்குத் தண்ணீரும் உப்பும்தான் தேவை.

மதுவோடு கலப்பது தனி ஆபத்து. காஃபின் போதையைக் குறைப்பதில்லை, போதை ஏறியிருப்பது தெரியாமல் செய்கிறது. தெளிவாக இருக்கிறோம் என்று நம்பி மேலும் குடிப்பார்கள், வண்டியையும் எடுப்பார்கள். மதுவில் காஃபின் கலந்து விற்ற நான்கு நிறுவனங்களுக்கு அமெரிக்க அரசு 2010 நவம்பரில் எச்சரிக்கைக் கடிதம் அனுப்பிய பிறகே அந்தப் பானங்கள் அங்கே சந்தையிலிருந்து விலகின.

இரவில் வண்டி ஓட்டுபவர்கள் இதை நம்பியிருப்பதால் சொல்கிறோம்: குடித்த உடனே விழிப்பு வராது, அரை மணி நேரம் ஆகும். தூக்கம் கண்ணைச் சுற்றினால் வண்டியைப் பாதுகாப்பான இடத்தில் நிறுத்தி, 150 மில்லிகிராம் அளவுக்குக் காஃபின் எடுத்துக்கொண்டு, உடனே 15 நிமிடம் கண் மூட வேண்டும். எழும்போது காஃபின் வேலை செய்யத் தொடங்கியிருக்கும். குடித்துவிட்டுத் தொடர்ந்து ஓட்டுவதை விட இந்த முறை பலன் தருகிறது. அதுவும் ஒரு முறைதான். இரண்டாவது தடவை தூக்கம் வந்தால் ஓட்டுவதை நிறுத்துவதைத் தவிர வேறு வழியில்லை.

காஃபின் தவிர்த்த மற்றப் பொருட்களைப் பற்றி நிறையக் கதைகள் உலவுகின்றன. இந்தப் பானங்களில் சேர்க்கப்படும் டாரின் என்ற அமினோ அமிலம் காளை மாட்டிலிருந்து எடுக்கப்படுகிறது என்பது பொய். ஆலையில் செயற்கையாகத் தயாரிப்பது. 250 மி.லி.யில் 1,000 மில்லிகிராம் என்ற வழக்கமான அளவில் அதனால் கேடு இருப்பதாகத் தெரியவில்லை. பி வைட்டமின்களால் குறைபாடு இல்லாதவருக்குப் புதிய தெம்பு எதுவும் வந்துவிடாது. சர்க்கரைதான் கவலைக்குரியது. 500 மி.லி. கேனில் 55 கிராம் வரை இருக்கிறது. உலக சுகாதார நிறுவனம் ஒரு நாள் முழுவதற்கும் 50 கிராமுக்குள், முடிந்தால் 25 கிராமுக்குள் என்கிறது.

தினமும் குடித்துப் பழகியவர்கள் ஒரேயடியாக நிறுத்த வேண்டாம். நிறுத்திய 12 முதல் 24 மணி நேரத்தில் தலைவலியும் சோர்வும் எரிச்சலும் தொடங்கும். ஓரிரு நாளில் உச்சத்துக்குப் போய், ஒன்பது நாள் வரை நீளலாம். இந்தத் தலைவலிக்குப் பயந்தே பலர் திரும்பிப் போகிறார்கள். நாளுக்கு 320 மில்லிகிராம் எடுப்பவர் நான்கு நாள் 240, அடுத்த நான்கு நாள் 160, பிறகு நான்கு நாள் 80 என்று இறங்கி நிறுத்தலாம். முதலில் வெட்ட வேண்டியது மாலை நேரக் கேனை. இரவுத் தூக்கம் சீரானால் காலைத் தேவை தானாகக் குறையும். இந்த நாட்களில் தலைவலி மாத்திரை வாங்கினால் காஃபின் கலக்காததா என்று பார்த்து வாங்குங்கள். இல்லையென்றால் முன்வாசலில் அனுப்பியது பின்வாசலில் வந்துவிடும்.

அளவு மீறிப் போனால் முதலில் படபடப்பு, நடுக்கம், குமட்டல், வியர்வை, அடிக்கடி சிறுநீர் கழித்தல் ஆகியவை தெரியும். இவை மட்டும் இருந்தால் மேற்கொண்டு காஃபின் எதுவும் எடுக்காமல், ஓய்வாக உட்கார்ந்து, கூடவே ஒருவர் இருந்து கவனித்தால் சில மணி நேரத்தில் அடங்கும். நிறையத் தண்ணீர் குடித்தால் காஃபின் கழுவிப் போய்விடும் என்பது தவறு. கல்லீரல்தான் அதை உடைக்க வேண்டும். நெஞ்சு வலி, துடிப்பு தாறுமாறாக ஓடுதல், நிற்காத வாந்தி, மயக்கம், குழப்பமான பேச்சு, வலிப்பு இவற்றில் எது வந்தாலும் ஒரு நிமிடமும் காத்திருக்காமல் மருத்துவமனைக்குக் கொண்டுபோக வேண்டும். வாந்தி எடுக்க வைக்கக் கூடாது. அமைதிப்படுத்துகிறோம் என்று தூக்க மாத்திரையோ மதுவோ கொடுக்கவே கூடாது. காலி கேன்களையும் மாத்திரை அட்டைகளையும் கையோடு எடுத்துச் செல்லுங்கள். எத்தனை மி.லி., எத்தனை மணிக்கு, வேறென்ன மருந்து என்ற மூன்றையும் மருத்துவரிடம் சொன்னால் சிகிச்சை சீக்கிரம் தொடங்கும். ரத்தத்தில் பொட்டாசியம் குறைந்திருக்கிறதா என்று பார்ப்பார்கள். மிகக் கடுமையான நிலையில் டயாலிசிஸ் செய்து காஃபினை வெளியேற்றவும் முடியும்.

சட்டங்கள் நாட்டுக்கு நாடு வேறுபடுகின்றன. ஐரோப்பிய ஒன்றியத்தில் லிட்டருக்கு 150 மில்லிகிராமைத் தாண்டினால் எச்சரிக்கை வாசகம் கட்டாயம். இந்தியாவில் லிட்டருக்கு 300, ஆஸ்திரேலியாவிலும் நியூசிலாந்திலும் 320 என்று மேல் வரம்பு உண்டு. கனடா ஒரு கலத்துக்கு 180 மில்லிகிராம் என்று வரம்பு வைத்திருக்கிறது. நாங்கள் சரி என்று நினைப்பது கனடாவின் வழியை. லிட்டர் கணக்கில் மட்டும் வரம்பு வைத்தால், கேனைப் பெரிதாக்கியே காஃபினைக் கூட்டிவிடலாம், சட்டம் மீறப்படாது. மனிதர் குடிப்பது கேன் கணக்கில். லித்துவேனியா 2014இலும், லாத்வியா 2016இலும், போலந்து 2024இலும் 18 வயதுக்குக் கீழ்ப்பட்டவர்களுக்கு விற்பதைத் தடை செய்தன. மற்ற நாடுகளும் இதைச் செய்ய வேண்டும்.

அதற்குக் காலம் பிடிக்கலாம். லேபிளை மாற்றக் காலம் பிடிக்காது. கேனின் முகப்பில், பானத்தின் பெயருக்குக் கீழேயே, குவாரானா உட்பட எல்லா மூலங்களிலிருந்தும் வரும் மொத்தக் காஃபினை ஒரே எண்ணாக, தூரத்திலிருந்து படிக்கும் அளவில் அச்சிடக் கட்டாயப்படுத்த வேண்டும்: ‘இந்தக் கேனில் 160 மில்லிகிராம் காஃபின். 18 வயதுக்குக் கீழ்ப்பட்டவர்களுக்கும் கர்ப்பிணிகளுக்கும் உரியதல்ல.’ வகுத்தல், பெருக்கல் எதுவும் தேவைப்படக் கூடாது. தங்கள் நாளிதழும் இந்தப் பானங்களைப் பற்றி எழுதும்போது கேன் எண்ணிக்கையை விட்டுவிட்டு, மில்லிகிராமையும் அது எத்தனை கிலோ எடையுள்ளவருக்கு என்பதையும் சேர்த்தே வெளியிடுமாறு கேட்டுக்கொள்கிறோம்.

இப்படிக்கு,
உணவுப் பாதுகாப்பு, மருந்தியல் துறைகளைச் சேர்ந்த வாசகர்கள்